இடது மேல் மூலையில் என் பெயர்

சப்டைட்டில் எழுதுகிறவனுக்குப் படம் படமாக வந்து சேர்வதில்லை. நிறத்தை உருவி, கூர்மையைக் குறைத்து, ஏதோ பழைய கண்காணிப்பு கேமராவில் பதிவானதைப் போல ஆக்கித்தான் அனுப்புவார்கள். மேலே டைம்கோட் ஓடிக்கொண்டே இருக்கும்: மணி, நிமிடம், நொடி, ஃபிரேம். இடது மேல் மூலையில் என் பெயர், என் மின்னஞ்சல், ஒரு வரிசை எண். குளோசப் வந்தால் நாயகியின் நெற்றியில் என் மின்னஞ்சல் முகவரி ஒட்டிக்கொண்டிருக்கும். முதல் சில வருடங்கள் எரிச்சலாக இருந்தது. அப்புறம் பழகிவிட்டது. இப்போதெல்லாம் பெயர் போடாத பிரதி வந்தால்தான் பதறுகிறேன்.

முழுப் படத்தையும் ஒரே கோப்பாகத் தரவும் மாட்டார்கள். நான்கைந்து துண்டாக வெட்டி, ஒன்றை முடித்துக் கொடுத்தால்தான் அடுத்ததைத் திறந்துவிடுவார்கள். கதை எங்கே போகிறது என்று தெரியாமலே முதல் அரை மணி நேரத்தை எழுதி முடிக்க வேண்டும். கண்ணைக் கட்டிக்கொண்டு கோலம் போடுகிற மாதிரிதான். கேட்டால் ஒரே பதில்: பைரசி.

சில வருடங்களுக்கு முன் அப்படி ஒரு படம் வந்தது. வேற்று மொழிப் படம், தெரிந்த முகம் ஒன்றுகூட இல்லை, இயக்குநருக்கு முதல் படம். ஒரு தாய், ஒரு மகன், நடுவில் பதினைந்து வருடப் பிரிவு. பெயர் சொல்லப்போவதில்லை. சொன்னால் என்ன நடக்கும் என்று எனக்குத் தெரியும், உடனே தேடுவீர்கள். எங்கே கிடைக்கும் என்பதும் தெரிந்த கதைதான். தமிழ் சப்டைட்டிலின் முதல் வரைவைக் கொடுத்துவிட்டு, திருத்திய வரைவையும் கொடுத்துவிட்டு, அடுத்த வேலைக்குப் போய்விட்டேன். ஒரு நாள் காலையில் ஒருங்கிணைப்பாளரிடமிருந்து போன்.

"சார், தப்பா எடுத்துக்காதீங்க. அந்தப் படத்தோட ஃபைல் உங்ககிட்ட எந்த ஹார்ட் டிஸ்க்ல இருக்கு?"

"ஏம்மா, என்ன ஆச்சு?"

"படம் வெளிய வந்துடுச்சு சார்." கொஞ்சம் தயங்கினாள். "உங்க சப்டைட்டிலோட."

படம் எந்தத் திரையரங்குக்கும் அதுவரை வரவில்லை. எந்த ஓடிடி தளத்திலும் இல்லை. என்னுடைய வரிகள் படத்திலேயே பதிந்த ஒரு பிரதி டொரண்டில் உலவுகிறது என்றால், அது எத்தனை கைகளில் இருந்திருக்க முடியும்? நான், ஒலிக்கலவை பார்த்தவர், தரச்சோதனை செய்த இருவர், வாங்கலாமா என்று யோசிக்க ஸ்க்ரீனர் பிரதி பெற்ற சிலர். பட்டியல் அவ்வளவுதான். அதில் என் பெயர் முதலில்.

பயத்தோடுதான் அந்தத் திருட்டுப் பிரதியை இறக்கினேன். என் மேல் பழி இல்லை என்று தெரிந்துகொள்ள நானும் ஒரு டவுன்லோடு எண்ணிக்கை ஆனேன். எங்கேயோ ஒரு கணக்கில் நானும் திருடன்தான். படம் ஓடியது. இடது மேல் மூலையைப் பார்த்தேன். சுத்தமாக இருந்தது. வலது கீழ் மூலையில் ஒரு செவ்வகம், ஈர விரலால் தேய்த்துவிட்ட மாதிரி கலங்கிக் கிடந்தது. முகம் அந்தப் பக்கம் வந்தால் பாதித் தாடை கரைந்து போகும். யாருடைய பெயரையோ அழித்திருக்கிறார்கள். எனக்கு வந்த பிரதிகளில் பெயர் அந்த மூலையில் இருந்ததே இல்லை.

பெருமூச்சு விட்டேன். ஒரு படம் நடுத்தெருவில் கிடக்கிறது, எனக்கு நிம்மதி. இதை எழுதும்போதும் கூசுகிறது.

ஒரு வாரம் கழித்து அந்தப் பெண் மறுபடி அழைத்தாள். படத்தை வாங்கப் பேசிக்கொண்டிருந்த தளம் பின்வாங்கிவிட்டதாம். விலையைக் குறைத்துக் கேட்கவில்லை, பேச்சே வேண்டாம் என்றுவிட்டார்கள். அவர்கள் சொன்ன காரணம் கோபப்படக்கூட இடம் தராத காரணம்: "எங்ககிட்ட மட்டும்தான் இருக்குன்னு சொல்லித்தானே நாங்க காசு கொடுக்கிறோம்?"

பைரசியைப் பற்றி அதுவரை நான் வைத்திருந்த படம் மாறியது அந்த வாக்கியத்தில்தான். இழப்பு என்றால் காலியாகக் கிடக்கும் நாற்காலிகள் என்றுதான் நினைத்திருந்தேன். நூறு பேர் வரவேண்டிய இடத்தில் அறுபது பேர், அப்படி. ஆனால் நடுத்தர, சின்னப் படங்களின் பணம் நாற்காலியிலிருந்து வருவதில்லை; நாற்காலிக்கு முன்பே வருகிறது. படம் முடியும் முன்பே ஒவ்வொரு நாட்டின் உரிமையும் தனித்தனியாக விலை பேசப்படும். வாங்குகிறவர் ஒரு மினிமம் கேரண்டி, அதாவது குறைந்தது இவ்வளவு தருகிறேன் என்ற உறுதி, எழுதிக் கொடுப்பார். அந்தக் காகிதத்தைக் காட்டி வங்கியிலோ ஃபைனான்சியரிடமோ கடன் வாங்கி மீதிப் படத்தை முடிப்பார்கள். அந்தக் காகிதத்தில் விற்கப்படுவது படம்கூட இல்லை, ஒரு வரிசை: முதலில் இங்கே, இத்தனை வாரம் கழித்து அங்கே, அதுவரை வேறெங்கும் கிடையாது. கள்ளப் பிரதி அந்த வரிசையை உடைக்கிறது. ஒரு ஆள்கூட அந்த டொரண்டைப் பார்க்காவிட்டாலும் வரிசை உடைந்தது உடைந்ததுதான்.

அதனால் எந்தப் புள்ளிவிவரத்திலும் இந்த இழப்பு வராது. நடக்காத ஒப்பந்தத்துக்கு ரசீது இல்லையே.

பெரிய ஸ்டுடியோக்கள் காட்டும் கணக்கு வேறு மாதிரி. இத்தனை லட்சம் டவுன்லோடு, ஒவ்வொன்றுக்கும் ஒரு டிக்கெட், பெருக்கினால் இத்தனை கோடி நஷ்டம். இலவசமாகக் கிடைத்ததால் இறக்கி வைத்து, பத்து நிமிடம் பார்த்துவிட்டுத் தூங்கிப்போனவனையும் டிக்கெட் வாங்கியிருப்பான் என்று எழுதிக்கொள்கிற கணக்கு. அதை நம்பாதவர்களைக் குறை சொல்ல மாட்டேன். நானே நம்பியதில்லை.

நம்பகமான கணக்குகள் இல்லாமல் இல்லை. ஐரோப்பிய ஆணையம் பணம் கொடுத்துச் செய்யச் சொன்ன ஆய்வு ஒன்று 2015-ல் முடிந்தது. முடிந்ததும் பெட்டிக்குள் போய்விட்டது. ஐரோப்பிய நாடாளுமன்ற உறுப்பினராக இருந்த ஜூலியா ரெடா விடாமல் கேட்டு வாங்கி 2017-ல் வெளியே கொண்டுவந்தார். இசை, புத்தகம், வீடியோ கேம் இவற்றின் விற்பனையைப் பைரசி குறைக்கிறது என்பதற்கு உறுதியான புள்ளிவிவரச் சான்று கிடைக்கவில்லை என்றது அந்த ஆய்வு. ஒரே விதிவிலக்கு, புதிதாக வந்த பெரிய படங்கள். அவற்றைப் பத்து முறை திருட்டுத்தனமாகப் பார்த்தால், முறையாகப் பார்ப்பதில் நான்கு குறைகிறது. பத்துக்குப் பத்து என்ற ஸ்டுடியோ கணக்கும் பொய், பத்துக்குப் பூஜ்யம் என்ற டொரண்ட் ரசிகர் வாதமும் பொய்.

கார்னகி மெலன் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2014-ல் வெளியிட்ட கட்டுரை என் சந்தேகத்துக்கு இன்னும் நெருக்கமானது. வெளியான பிறகு கசியும் படத்தோடு ஒப்பிட்டால், வெளியாகும் முன்பே கசிந்த படத்தின் வசூல் சராசரியாக 19.1 சதவீதம் குறைகிறது என்று கண்டார்கள். அதே திருட்டு, அதே படம். எப்போது என்பதுதான் வித்தியாசம். வரிசை என்று நான் சொன்னது இதைத்தான்.

என் வாயை அடைத்த ஆய்வும் ஒன்று உண்டு, அதை மறைத்தால் நியாயமாகாது. 2012 ஜனவரியில் மெகாஅப்லோடு என்ற கோப்புப் பகிர்வுத் தளத்தை அமெரிக்க அரசு முடக்கியது. அதன் பிறகு 12 நாடுகளில் இரண்டு பெரிய ஸ்டுடியோக்களின் டிஜிட்டல் வருமானம் 6.5 முதல் 8.5 சதவீதம் வரை கூடியது என்று ஒரு ஆய்வு சொன்னது. சரி, எதிர்பார்த்ததுதான். ஆனால் திரையரங்கு வசூலை ஆராய்ந்த இன்னொரு குழு சொன்னது வேறு: மிகப் பெரிய படங்களுக்கு லாபம், சின்ன, நடுத்தரப் படங்களுக்கோ வசூல் குறைந்தது. விளம்பரத்துக்குக் காசில்லாத படத்துக்குத் திருட்டுத்தனமாகப் பார்த்தவன் வாய்தான் விளம்பரம். தளம் மூடியதும் அந்த வாயும் மூடிக்கொண்டது என்பது அவர்கள் விளக்கம்.

இதைப் படித்துவிட்டு இரண்டு நாள் யோசித்தேன். சின்னப் படத்துக்குத்தான் அடி என்று நான் ஊர் முழுக்கச் சொல்லிக்கொண்டு திரிந்தவன். கடைசியில் எனக்குத் தோன்றியது இதுதான்: வாய்வழி விளம்பரம் பலிக்க வேண்டுமானால், கேள்விப்பட்டவன் காசு கொடுக்க எங்கேயாவது ஒரு கவுண்டர் திறந்திருக்க வேண்டும். திரையரங்கில் ஓடிக்கொண்டிருக்கும் படத்துக்கு அது உண்டு. எங்கள் படத்துக்குக் கவுண்டரே கட்டி முடிக்கவில்லை. இணையத்தில் நாலு பேர் புகழ்ந்துதான் எழுதினார்கள். "அருமையான படம், எல்லாரும் பாருங்க" என்று ஒருவர் டொரண்ட் சுட்டியோடு பரிந்துரைத்திருந்தார். அவர் நல்ல மனிதர் என்றே நினைக்கிறேன்.

கசிவு என்றால் உடனே எல்லாரும் இழுப்பது 'எக்ஸ்-மென் ஆரிஜின்ஸ்: வுல்வரின்' கதையை. வெளியீட்டுக்கு ஒரு மாதம் முன்பு, 2009 மார்ச் கடைசியில், கிராஃபிக்ஸ் முடியாத பிரதி இணையத்துக்கு வந்துவிட்டது. பாதிக் காட்சிகளில் நாயகனுக்குப் பின்னால் பச்சைத் திரை, தூக்கிப் பிடித்த கம்பிகள்கூடத் தெரிந்தன. இணையத்தில் ஏற்றிய ஒருவருக்கு 2011-ல் ஒரு வருடச் சிறை. படமோ முதல் வார இறுதியில் அமெரிக்காவில் 8.5 கோடி டாலர் வசூலித்து, உலகம் முழுக்க 37 கோடி டாலரைத் தாண்டியது. பாருங்கள், ஒன்றும் ஆகவில்லை என்பார்கள். ஐந்து வருடம் கழித்து 'தி எக்ஸ்பெண்டபிள்ஸ் 3' மூன்று வாரம் முன்னதாகக் கசிந்தது. இந்த முறை கச்சிதமான பிரதி, அரைகுறை இல்லை. முந்தைய பாகம் அமெரிக்காவில் 8.5 கோடி டாலர் சம்பாதித்திருந்தது, இது 3.9 கோடியோடு நின்றது. பாருங்கள், அழிந்தது என்பார்கள். அந்தப் படம் நன்றாக இருந்ததா என்று மட்டும் யாரும் கேட்பதில்லை. எனக்குப் பிடிக்கவில்லை. காசு கொடுத்துத்தான் பார்த்தேன்.

இரண்டுமே பெரிய உடம்புகள், அடி வாங்கினாலும் எழுந்து நடக்கும். 'தி ஹர்ட் லாக்கர்' வேறு ரகம். அமெரிக்கத் திரையரங்குகளுக்கு வரும் முன்பே இணையத்தில் சுற்றியது. 2010-ல் சிறந்த படத்துக்கான ஆஸ்கரை வாங்கியது. அமெரிக்க வசூல் 1.7 கோடி டாலர் அளவுதான். தயாரித்தவர்கள் அதே வருடம் ஆயிரக்கணக்கான ஐபி முகவரிகளின் மேல் வழக்குப் போட்டார்கள். உலகமே எழுந்து நின்று கைதட்டிய படத்தை எடுத்தவர்கள், பார்த்தவர்கள் மேலேயே வழக்குப் போட வேண்டிவந்த அசிங்கம் அது. வழக்கால் நல்ல பெயரும் வரவில்லை.

அந்தக் கலங்கிய செவ்வகத்தைப் பற்றி ஒரு விஷயம் சொல்ல வேண்டும். சினிமா பிறந்து பத்து வயதாகும் முன்பே அது இருந்திருக்கிறது. 1902-ல் பிரான்ஸில் ஜார்ஜ் மெலியே நிலவுக்குப் போகும் படம் எடுத்தார். அமெரிக்காவில் அதற்கு ஏகப்பட்ட வரவேற்பு. பணம் மட்டும் அவருக்குப் போகவில்லை. எடிசனின் நிறுவனம் உட்படப் பலர் பிரதியிலிருந்து பிரதி எடுத்து விற்றார்கள். எதற்கெடுத்தாலும் காப்புரிமை வழக்கோடு அலைந்த அதே எடிசன்தான். பொறுக்க முடியாமல் மெலியே தன் அண்ணன் காஸ்தோனை 1903-ல் நியூயார்க்குக்கு அனுப்பி அலுவலகம் திறக்க வைத்தார். அந்தக் காலத் தயாரிப்பாளர்கள் திருட்டைத் தடுக்கச் செய்த வேலை அழகானது: முத்திரையைச் செட்டிலேயே வைத்துவிடுவார்கள். மெலியே நட்சத்திரம், பாதே நிறுவனம் சேவல், பயோகிராஃப் நிறுவனம் ஏ, பி என்ற இரண்டு எழுத்து. காதலன் காதலியிடம் உருகிக்கொண்டிருப்பான், பின்சுவரில் காரணமே இல்லாமல் ஒரு சேவல் நிற்கும்.

திருடர்கள் என்ன செய்தார்கள்? லூபின் என்பவரின் நிறுவனத்தில் அப்போது வேலை பார்த்த ஒருவர் பின்னாளில் எழுதியிருக்கிறார்: மெலியே படங்களில் அந்த முத்திரையை மறைத்துவிட்டுப் பிரதி எடுப்பதுதான் அவருக்குக் கொடுத்த வேலை. நூறு வருடத்துக்கு மேல் ஆகிவிட்டது. என் படத்தின் வலது கீழ் மூலையில் தேய்த்தவனும் அவர் வம்சம்தான்.

இப்போது முத்திரை கண்ணுக்கே தெரியாது. டிஜிட்டல் திரையரங்குகளுக்கான பொது விதிப்படி, ஓடும் படத்துக்குள்ளேயே அதை ஓட்டும் கருவி ஒரு ரகசியக் குறியைக் கலக்கிக்கொண்டே இருக்கும். எந்தத் திரை, எந்த நேரம் என்ற தகவல் 35 பிட்டுகளில், ஒவ்வொரு ஐந்து நிமிடத் துண்டிலும் முழுதாக இருக்க வேண்டும். யாராவது கைபேசியில் மறைத்துப் பிடித்தால், வெளிவரும் அந்தக் கேம் பிரிண்ட்டிலிருந்தே எந்த அரங்கு, எந்தக் காட்சி என்று கண்டுபிடித்துவிடலாம். கண்டுபிடிப்பார்கள். ஆனால் அதற்குள் படம் நாலு கண்டம் சுற்றியிருக்கும். பூட்டு இல்லாமல் ரேகை மட்டும் எடுக்கிற ஏற்பாடு இது.

திரைத்துறை தன் மேல் பரிதாபம் வராதபடி பார்த்துக்கொள்வதில் கெட்டி. 1982-ல் வீடியோ கேசட் ரெக்கார்டரைத் தடுக்க அமெரிக்கக் காங்கிரஸ் குழு முன் ஹாலிவுட் ஸ்டுடியோக்களின் சங்கத் தலைவர் ஜாக் வாலண்டி பேசியதை நினைத்துப் பாருங்கள். தனியாக வீட்டிலிருக்கும் பெண்ணுக்குத் தொடர் கொலைகாரன் எப்படியோ, அப்படித் தயாரிப்பாளருக்கு இந்தப் பெட்டி என்றார். 1984-ல் உச்ச நீதிமன்றம் ஐந்துக்கு நான்கு என்ற கணக்கில் பெட்டியை விட்டுவிட்டது. அப்புறம் அதே பெட்டிக்குக் கேசட் விற்றுத்தான் ஸ்டுடியோக்கள் திரையரங்கில் பார்த்ததைவிட அதிகம் சம்பாதித்தன. கொலைகாரன் சம்பாதித்துக் கொடுத்தான்.

"நீங்கள் காரைத் திருட மாட்டீர்கள்" என்று தொடங்கும் விளம்பரம் 2004-ல் வந்தது. டிவிடி போட்டால் முதலில் அதுதான். தாண்டிப் போகவும் முடியாது. காசு கொடுத்து வாங்கியவனை உட்கார வைத்துத் திருடாதே என்று திட்டுவார்கள். திருட்டுப் பிரதி வைத்திருப்பவனுக்கு அந்தத் தொல்லை இல்லை, நேராகப் படம். நல்ல பையனைப் பெஞ்சில் ஏற்றிவிட்டுப் பள்ளிக்கு வராதவனைத் திட்டுகிற வாத்தியார் மாதிரி. 2025-ல் ஒரு வேடிக்கை வெளிவந்தது. அந்தப் பிரசாரத்தின் பழைய ஆவணக் கோப்பு ஒன்றைத் திறந்து பார்த்தவர்கள், அதில் இருந்த எழுத்துருவே ஒரு நகல் எழுத்துரு என்று கண்டுபிடித்தார்கள்.

சரி, நான் யோக்கியனா?

இந்தத் தொழிலை எனக்குச் சொல்லிக்கொடுத்தவர்கள் திருட்டுப் பிரதிகள்தான். மொழி தெரியாத படங்களை டொரண்டில் இறக்கி, முகம் தெரியாத ரசிகர்கள் இரவெல்லாம் உட்கார்ந்து எழுதிய சப்டைட்டிலைப் போட்டுப் பார்த்தே வளர்ந்தேன். ஒரே படத்துக்கு மூன்று பேர் எழுதிய மூன்று கோப்பையும் பக்கத்தில் வைத்து, ஒரே வசனத்தை யார் எத்தனை சொல்லில் முடித்திருக்கிறார்கள் என்று ஒப்பிட்டிருக்கிறேன். ஒரு வரி திரையில் ஆறேழு நொடிக்கு மேல் நின்றால் பார்ப்பவன் அதை மறுபடி படிக்க ஆரம்பித்துவிடுவான் என்பது எந்த வகுப்பிலும் கற்றதில்லை. அந்தப் படங்களை முறையாக வாங்கிப் பார்க்க வழி இருந்ததா? பெரும்பாலானவற்றுக்கு இல்லை. இருந்தால் வாங்கியிருப்பேனா? சிலவற்றை. இந்தச் "சிலவற்றை" என்ற சொல்லில்தான் மேலே சொன்ன ஆய்வுகள் எல்லாம் சுற்றிக்கொண்டிருக்கின்றன.

கிடைக்காமல் போனால் மனிதன் என்ன செய்வான் என்பதற்கு ஆய்வு தேவையில்லை, ஆனாலும் ஒன்று இருக்கிறது. 2007 டிசம்பரில் என்பிசி தொலைக்காட்சி ஆப்பிளோடு சண்டை போட்டுக்கொண்டு தன் தொடர்களை ஐடியூன்ஸ் கடையிலிருந்து எடுத்துவிட்டது. அந்தத் தொடர்களின் பைரசி 11.4 சதவீதம் கூடியது. அதுவரை காசு கொடுத்துக்கொண்டிருந்தவர்கள் ஒரே மாதத்தில் திருடர்கள் ஆகிவிட்டார்கள். நடுவில் நல்ல காலம் ஒன்று வந்தது. ஒரு சந்தா கட்டினால் முக்கால்வாசிப் படம் கைக்கு வந்துவிடும் என்ற காலம். டொரண்ட் மென்பொருளை அழித்தேவிட்டேன். இப்போது ஒவ்வொரு ஸ்டுடியோவுக்கும் ஒரு தளம், ஒவ்வொன்றுக்கும் ஒரு சந்தா. பார்க்கலாம் என்று பட்டியலில் சேர்த்து வைத்த படம் மறுவாரம் உரிமம் முடிந்து காணாமல் போயிருக்கும். காசு கட்டியும் விளம்பரம் வேறு. நண்பர்கள் மறுபடி மெதுவாகக் கேட்கிறார்கள்: "ஹெச்டி பிரிண்ட் வந்துடுச்சா?"

அவர்களிடம் நான் சட்டம் பேசுவதில்லை. அந்தத் திருட்டுத் தளங்களின் பக்கத்தை மட்டும் ஒரு முறை ஊன்றிப் பார்க்கச் சொல்வேன். 'பார்க்க' என்ற பொத்தானை அழுத்தினால் முதலில் சூதாட்ட விளம்பரம், இரண்டாவது அழுத்தலுக்கு உங்கள் கணினியில் வைரஸ் என்ற பொய், மூன்றாவதில்தான் படம். 2024-ல் வியட்நாம் போலீஸ் ஹனோயில் வைத்து எஃப்மூவீஸ் என்ற தளக் கூட்டத்தை முடக்கியது. ஒன்றரை வருடத்தில் அதற்கு வந்த வருகைகள் 670 கோடி. ஒவ்வொரு வருகையிலும் இரண்டு விளம்பரம் என்று போட்டுக்கொள்ளுங்கள். இலவசமாகப் பகிர்கிற புரட்சியாளர் என்று நாம் நினைத்துக்கொண்டிருந்தவர் அங்கே யாரும் இல்லை. ஒரு வியாபாரி இருக்கிறார், சரக்குக்கு மட்டும் காசு கொடுக்காத வியாபாரி. இரவெல்லாம் விழித்துச் சப்டைட்டில் எழுதிய அந்தப் பழைய ரசிகர்களுக்கும் அவர் ஒரு காசு கொடுத்ததில்லை. அவர்கள் கோப்புகளையும் எடுத்து ஒட்டிக்கொண்டார்.

எங்கள் படத்துக்கு வருகிறேன். கசியவிட்டது யார் என்று கடைசிவரை எனக்குச் சொல்லப்படவில்லை. ஒன்றரை வருடம் கழித்து ஒரு சின்னத் தளம் வாங்கியது. என்ன விலைக்கு என்று கேட்டேன். "கேக்காதீங்க சார்," என்றாள் அந்தப் பெண். ஒலிக்கலவை பார்த்தவருக்குக் கடைசித் தவணை வரவில்லை. எனக்கு முழுதாக வந்தது, நான் வெளியாள் என்பதால். தளத்தில் இருப்பது என் திருத்திய வரைவு. நன்றாகச் செய்த வேலைகளில் ஒன்று என்று சொல்லிக்கொள்வேன்.

திருத்தியதில் முக்கியமான இடம் ஒன்று உண்டு. முதல் துண்டின் முடிவில் மகன் பையைத் தூக்கிக்கொண்டு வாசலில் நிற்கிறான். தாய் அவன் முகத்தைப் பார்க்காமல் ஒரே ஒரு சொல் சொல்கிறாள். அந்த மொழியில் அந்தச் சொல்லுக்கு இரண்டு பொருளும் உண்டு. எனக்கு அடுத்த துண்டைத் திறந்துவிடவில்லை. மிச்சக் கதை தெரியாது. முகத்தைத் திருப்பிக்கொண்டு சொல்கிறாளே என்று "போ" என்று எழுதிவிட்டேன். கடைசித் துண்டு வந்தபோதுதான் பார்த்தேன்: பதினைந்து வருடம் கழித்து அவன் திரும்பி வருகிறான், அத்தனை வருடமும் அவள் அந்தக் கதவுக்குத் தாழ்ப்பாளே போட்டதில்லை. அவள் சொன்னது "போ" இல்லை. ஓடிப்போய் "போயிட்டு வா" என்று மாற்றினேன்.

வெளியே போனது முதல் வரைவு.

போன மாதம் ஒரு இடத்தில் அந்தப் படத்தைப் பற்றித் தமிழில் ஒருவர் நீளமாக எழுதியிருந்தார். கவனமாகப் பார்த்திருக்கிறார், ஒளி, நிறம், அந்தத் தாய் கை துடைக்கிற விதம் எல்லாம் குறித்திருக்கிறார். நடுவில் ஒரு பத்தி முழுக்க அந்த வாசல் காட்சி. "போ" என்று ஒரே சொல்லில் மகனை வெட்டி எறிகிற அந்தத் தாயின் குரூரத்தை உலக சினிமாவில் வேறெங்கும் பார்த்ததில்லை என்கிறார். கீழே நாற்பது பேர் ஒத்துக்கொண்டிருக்கிறார்கள். ஒருவர் தன் அம்மாவை நினைத்துக்கொண்டதாக எழுதியிருந்தார்.

பதில் எழுத உட்கார்ந்தேன். அவள் அப்படிச் சொல்லவில்லை, அது என் தவறு, சரியான வரி இந்தத் தளத்தில் இருக்கிறது என்று தட்டச்சு செய்தேன். சுட்டியைப் போடும் முன் சரிபார்த்துக்கொள்ளலாம் என்று தளத்தைத் திறந்தேன். உரிமக் காலம் முடிந்து படத்தை எடுத்திருந்தார்கள்.